மலையாளப் படங்களில் கதகளியும் தெய்யமும்: புதிதாகப் பார்க்கத் தொடங்குபவர்களுக்கு

ஓடிடி வந்த பிறகு மலையாளப் படம் பார்க்காத தமிழர் குறைவு. கதை புரிந்துவிடுகிறது, நடிப்பும் பிடிக்கிறது. ஆனால் திரையில் ஒரு தெய்யமோ (தெய்வக் கோலம் கட்டி ஆடும் சடங்கு) கதகளியோ வந்ததும், "ஏதோ கேரளத்துத் திருவிழா" என்று விரல் தானாகப் பத்து விநாடி தள்ளிவிடுகிறது. தள்ளிவிட்ட அந்த இடத்தில்தான் பல படங்களின் முடிச்சு இருக்கும். நல்ல மலையாளப் படங்களில் கலை அலங்காரத்துக்காக வருவதில்லை. அதை ஆடுபவர் எந்தச் சாதி, எந்தக் காவில் (தெய்வம் குடியிருக்கும் தோப்பில்) ஆடுகிறார், எந்த மாதம், யார் கைகட்டி நின்று பார்க்கிறார்கள் என்பவைதான் கதையை நகர்த்துகின்றன.

அதனால் "சிறந்த பத்து மலையாளப் படங்கள்" என்ற பட்டியல்களை ஓரமாக வையுங்கள். ஒரு கலை, அதற்கு ஒரு படம், முடிந்தால் அதன் நேரடி ஆட்டம் ஒன்று என்று போங்கள். வாரம் ஒரு படம் பார்த்தால் ஒன்றரை மாதத்தில் கண் பழகிவிடும்.

முதலில் ஒரு வரைபடம்

கேரளம் என்ற மாநிலம் 1956 நவம்பர் 1-ல்தான் பிறந்தது. அதற்கு முன் மலபார், கொச்சி, திருவிதாங்கூர் என்று மூன்று ஆட்சிகள். கலைகளும் ஏறக்குறைய அந்தந்த நிலத்தோடு ஒட்டிக்கொண்டவை. ஒரு தாளில் கேரளத்தை நெட்டாக வரைந்து நான்கு பகுதி குறித்துக்கொள்ளுங்கள்.

வடக்கே காசர்கோடு, கண்ணூர், வடகரை வரை தெய்யம், பூரக்களி என்ற ஆண்கள் ஆட்டம், வடக்கன் பாட்டு எனும் வீரக்கதைப் பாட்டு, களரி எனும் போர்க்கலை. கோழிக்கோடு, மலப்புறம் பக்கம் முஸ்லிம்களின் மாப்பிளப் பாட்டும் ஒப்பனையும் (இந்த 'ஒப்பனை' முகத்துக்குப் பூசுவது அல்ல, மணப்பெண்ணைச் சுற்றிக் கைதட்டி ஆடும் ஆட்டம்). நடுவில் பாரதப்புழைக் கரையும் திருச்சூரும்: கதகளி, கூடியாட்டம் என்ற சமஸ்கிருத நாடகம், செண்டை மேளம். தெற்கே பத்தனம்திட்டை வட்டாரத்தில் பாக்கு மரப் பாளையில் கோலம் எழுதி ஆடும் படயணி, திருவனந்தபுரம் பக்கம் காக்காரிசி நாடகம். கொடுங்கல்லூரிலிருந்து கொல்லம் வரை கடலோரத்தில் சவிட்டு நாடகம்.

நடுப்பகுதியில் தமிழர் கூடுதலாக ஒன்றைக் குறிக்க வேண்டும்: தோல்பாவைக் கூத்து. பாலக்காடு, திருச்சூர், மலப்புறம் மாவட்டங்களின் பத்ரகாளி கோயில்களில், கூத்துமாடத்தில் 21 விளக்கு ஏற்றி, இரவு முழுக்கப் பாடுவது கம்பராமாயணம். பாட்டு தமிழ், விளக்கவுரை தமிழும் மலையாளமும் கலந்தது. கேரள சர்வதேசத் திரைப்பட விழாவின் சின்னத்தில் இருக்கும் லங்காலட்சுமி இந்தக் கூத்தின் பாவைதான். அதை வடிவமைத்தவர் இயக்குநர் அரவிந்தன்.

வரைபடம் இல்லாவிட்டால் என்ன ஆகும்? சுற்றுலாச் சுவரொட்டியில் தெய்யம், கதகளி, மோகினியாட்டம், யானை எல்லாம் ஒரே வரிசையில் நிற்குமே, அதுதான் மனதில் பதியும். பிறகு திரையில் தெய்யம் வந்தால், "இது கண்ணூர்ப் பக்கம், துலா மாதத்துக்கும் (ஐப்பசி) இடவத்துக்கும் (வைகாசி) நடுவில் நடக்கும் கதை" என்று படம் சொல்லாமல் சொல்லும் செய்தி உங்களை எட்டாது.

எந்தப் பதிப்பில் பார்ப்பது

தமிழ் டப்பிங் வேண்டாம். திருச்சூர்க்காரர் இழுப்பதும் கண்ணூர்க்காரர் முறிப்பதும் தெற்குத் திருவனந்தபுரத்தின் பேச்சில் எட்டிப் பார்க்கும் தமிழும் டப்பிங்கில் ஒரே குரலாகிவிடும். மலையாளத்தில் ஒரு படத்தின் பாதி நகைச்சுவை வட்டார வழக்கில்தான் இருக்கிறது. மூல ஒலியும் துணைத்தலைப்பும் போதும். இரண்டு மூன்று படங்களில் துணைத்தலைப்பைப் பார்ப்பது தானாகவே குறைந்துவிடும்.

இதில் ஒரு பொறி உண்டு. வசனத்துக்குத் துணைத்தலைப்பு வரும், கதகளியில் பாடும் பதத்துக்கும், தெய்யத்தில் தெய்வத்தின் கதையைப் பாடும் தோற்றம் பாட்டுக்கும் பெரும்பாலும் வராது. வந்தாலும் "பாடல் ஒலிக்கிறது" என்பதோடு நின்றுவிடும். ஆகவே அந்த இடத்தில் என்ன கதை ஆடப்படுகிறது என்பதை முன்கூட்டியே தெரிந்துகொண்டு உட்கார வேண்டும்.

போன் ஒலிபெருக்கியில் செண்டை தகரம் தட்டுவது போலத்தான் கேட்கும். அடித்தொனி சுத்தமாகப் போய்விடும். காதணியோ ஒரு சுமாரான ஒலிபெருக்கியோ கட்டாயம்.

பிள்ளையார் சுழி: நீலக்குயில்

1954-ல் வந்த படம். ராமு காரியாட்டும் பி. பாஸ்கரனும் சேர்ந்து இயக்கியது, கதை உரூபுடையது. அதற்கு முந்தைய மலையாளப் படங்களில் தமிழ், இந்தி மெட்டுகளில் மலையாளச் சொற்களை உட்கார வைப்பதே வழக்கம். முதல் பேசும் படமான 'பாலன்' (1938) கூடச் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம் தயாரித்ததுதான். நீலக்குயிலில் இசையமைப்பாளர் கே. ராகவன் நாட்டுப்புற மெட்டுகளையும் மாப்பிளப் பாட்டின் நடையையும் எடுத்தார். 'காயலரிகத்து' பாட்டை மட்டும் இரண்டு முறை கேளுங்கள். மலையாளத் திரைப்பாட்டு தன் சொந்தக் குரலைக் கண்டுபிடித்த இடம் அது. படம் இன்றைய கண்ணுக்கு மெதுவாகத்தான் போகும். முழுதாகப் பார்க்க முடியாவிட்டால் குற்றமில்லை, பாட்டுகளை விடாதீர்கள்.

கதகளி: இதற்கு மட்டும் ஒரு மணி நேரம் வீட்டுப்பாடம்

பலர் செய்யும் தவறு, ஷாஜி என். கருணின் 'வானப்பிரஸ்தம்' (1999) படத்தை முன்தயாரிப்பு இல்லாமல் போட்டுவிட்டு அரை மணி நேரத்தில் நிறுத்துவது. மோகன்லால் கதகளிக் கலைஞர் குஞ்ஞிக்குட்டனாக நடித்துத் தேசிய விருது பெற்ற படம். நம்ம ஊர் சுஹாசினிதான் அதில் சுபத்திரை. பாதிப் படம் வேஷத்துக்குள்ளேயே நடக்கிறது. வேஷம் படிக்கத் தெரியாவிட்டால் அது வெறும் பச்சை முகம்.

வேஷம் படிப்பது கடினமில்லை. பச்சை என்றால் நல்லவன், வீரன்: நளன், கிருஷ்ணன், அர்ஜுனன். பச்சை முகத்தில் மூக்கருகே சிவப்பு வளைவும், மூக்கு நுனியில் வெள்ளை உருண்டையும் இருந்தால் அது கத்தி: ராவணன், கீசகன், துரியோதனன். கத்திக்காரன் கெட்டவன், ஆனால் அரசன், காதல் தெரிந்தவன். நடிகருக்கு அதிகத் தீனி போடும் வேஷம் இதுதான். சிவப்புத் தாடி முரடன் (துச்சாதனன், வாலி), வெள்ளைத் தாடி அனுமன், கறுப்புத் தாடி காட்டாளன். கரி, சூர்ப்பணகை மாதிரி அரக்கிகளுக்கு. மினுக்கு, பெண்களுக்கும் முனிவர்களுக்கும். இந்த ஐந்தைத் தெரிந்துகொண்டால் திரை விலகும் முன்பே ஆள் யாரென்று பாதி சொல்லிவிடலாம்.

முத்திரைகளை மனப்பாடம் செய்ய முயல வேண்டாம். அடிப்படை முத்திரை 24-தான், ஆனால் 'பதாகம்' ஒன்றே சூரியன், அரசன், யானை, சிங்கம் என்று இடத்துக்கு இடம் பொருள் மாறும். அதற்குப் பதிலாகக் கண்ணைப் பாருங்கள். கை சொல்லைச் சொல்கிறது, கண்தான் அதன் பொருளைச் சொல்கிறது. கண் சிவந்திருப்பது மையால் அல்ல. சுண்டப்பூவிலிருந்து எடுத்த சிறு விதை ஒன்றை இமைக்கு அடியில் வைத்துச் சிவக்க வைப்பார்கள்.

முகத்தைச் சுற்றி வெள்ளை வளையமாக நிற்பது சுட்டி. அரிசிமாவும் சுண்ணாம்பும் குழைத்த பசையில், வெட்டிய காகிதத்தைத் தாடை ஓரமாக ஒட்டுவது. நடிகர் அணியறையில் (வேஷம் கட்டும் அறையில்) மல்லாந்து படுத்துக்கொள்வார், சுட்டிக்காரர் தலைமாட்டில் உட்கார்ந்து வேலை செய்வார். முழு வேஷமும் ஏற மூன்று நான்கு மணி நேரம் ஆகும். திரைப்படங்கள் இந்த அணியறைக் காட்சியை விரும்புவது சும்மா அல்ல. ஒரு மனிதன் மெல்ல இன்னொருவனாகும் நேரம் அது. சிறிது சிறிதாக அவன் முகம் மறைவதைக் கேமரா ஒரே இடத்தில் நின்று காட்டிவிட முடியும்.

மேடையின் பின்பக்கத்தையும் கவனியுங்கள். சேங்கிலை என்ற வட்டத் தட்டைத் தட்டி முன்பாட்டு பாடுபவர் பொன்னானி, இலைத்தாளத்தோடு பின்பாட்டு பாடுபவர் சிங்கிடி. ஆண் வேஷம் ஆடும்போது செண்டையும் மத்தளமும் வாசிக்கும், பெண் வேஷத்துக்குச் செண்டை நின்று இடக்கை என்ற சிறு தோல்வாத்தியம் வரும். பாட்டே இல்லாமல் நடிகர் தன் மனோதர்மப்படி ஆடும் பகுதிக்கு இளகியாட்டம் என்று பெயர். திரையில் அது வந்தால், அந்தக் கதாபாத்திரம் தன் மனதைத் திறக்கிறது என்று வைத்துக்கொள்ளலாம்.

இதோடு இரண்டு கதைகள்: குழந்தைக் கண்ணனுக்கு நஞ்சுப்பால் கொடுத்த பூதனை, சுபத்திரையைக் கவர்ந்த அர்ஜுனன். இப்போது படத்தைப் போடுங்கள். குஞ்ஞிக்குட்டன், தன்னை மகனென்று ஏற்காத நம்பூதிரிக்குப் பிறந்தவன். ஒரு பெண் அவனை விரும்புகிறாள், உண்மையில் விரும்புவது அவனையா அவன் அணிந்த அர்ஜுனனையா என்பதுதான் பிரச்சினை. சுட்டிக்குள் இருக்கும்போது அவன் பாண்டவன், துடைத்துவிட்டால் தகப்பன் பெயர் இல்லாதவன். இது வசனத்தில் அதிகம் வராது, எந்தக் காட்சியில் எந்த வேஷம் என்பதில் இருக்கிறது. உண்மையான கதகளி ஆசான் கலாமண்டலம் கோபியும் இதில் நடித்திருக்கிறார். இருவர் உடம்பும் அசைவதை ஒப்பிட்டுப் பார்ப்பது தனிப் பாடம்.

தெய்யம்: தெய்வமான மனிதன்

தமிழருக்கு இங்கே ஒரு வசதி. கோலம், தோற்றம், காவு, முடி, குருத்தோலை என்று சொற்கள் பாதி நம்முடையவை. தெய்யம் ஒரு வழிபாடு. வண்ணான், மலையன், வேலன் போன்ற சமூகங்களைச் சேர்ந்தவர்கள் மட்டுமே கோலம் கட்டுகிறார்கள். விரதம் இருந்து, தோற்றம் பாட்டில் தெய்வத்தின் வரலாற்றைப் பாடி, முகத்தெழுத்து எழுதி, முடி என்ற தலையணியை ஏற்றி, கடைசியில் கையில் தரும் சிறு கண்ணாடியில் தன் முகத்தைப் பார்ப்பார். அந்தக் கணத்திலிருந்து அவர் மனிதர் இல்லை. ஊர்ப் பெரிய வீட்டுக்காரர் கைகூப்பி நின்று குறை சொல்வார், தெய்யம் அவரைப் பெயர் சொல்லி அழைத்து வாக்குச் சொல்லும். மறுநாள் காலை முடியைக் கழற்றிவிட்டால் அதே பெரிய வீட்டுப் படியில் அவருக்கு இடமில்லை என்பதுதான் பழைய நிலை.

இந்த முரணைக் கையில் எடுத்ததுதான் ஜெயராஜின் 'களியாட்டம்' (1997). ஒத்தெல்லோ கதை. கறுப்பினத் தளபதியின் இடத்தில் தீச்சாமுண்டி கட்டும் கண்ணன் பெருமலையன் (சுரேஷ் கோபி, தேசிய விருது), டெஸ்டிமோனாவின் இடத்தில் மேல்சாதிப் பெண் தாமரை (மஞ்சு வாரியர்). இயாகோ கேட்டது பதவி, இங்கே பணியன் கேட்பது அந்தத் தெய்யம் கட்டும் உரிமை. தமிழில் ஒத்தெல்லோவை எடுத்தால் என்ன செய்வோம், ஒரு போலீஸ் அதிகாரியாக ஆக்குவோம். ஜெயராஜ் தேர்ந்தது, ஒரு நாள் கடவுளாகவும் மறுநாள் தீண்டத்தகாதவனாகவும் இருக்க விதிக்கப்பட்டவனை. சந்தேகம் ஏன் அவனுக்குள் அவ்வளவு சுலபமாக இறங்குகிறது என்று அதற்குப் பிறகு விளக்க வேண்டியதே இல்லை.

பார்க்கும்போது கனல்மேட்டை விட்டுவிடாதீர்கள். தீச்சாமுண்டி, எரிந்து தணலான விறகுக் குவியலில் திரும்பத் திரும்ப விழுந்தெழும் தெய்யம். முதலில் அது ஒரு சடங்கு மாதிரி வரும், கடைசியில் வேறொன்றாகத் திரும்பி வரும்.

கூடவே பொட்டன் தெய்யத்தின் தோற்றம் பாட்டைப் பற்றிப் படித்துவிடுங்கள். வழிவிலகச் சொன்ன சங்கராச்சாரியாரிடம் ஒரு புலையன், உம்மை வெட்டினாலும் என்னை வெட்டினாலும் வருவது இரத்தம்தானே என்று கேட்கும் கதை. வடமலபார் அரசியலுக்கும் சினிமாவுக்கும் அந்தக் கேள்வி இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது.

வடக்கன் பாட்டு: தலைகீழாகப் பார்க்காதீர்கள்

எம்.டி. வாசுதேவன் நாயர் எழுதி ஹரிஹரன் இயக்கிய 'ஒரு வடக்கன் வீரகாதா' (1989) பார்ப்பதற்கு முன், பாட்டு சொல்லும் கதையைத் தெரிந்துகொள்வது கட்டாயம். புத்தூரம் வீட்டு ஆரோமல் சேகவர், பிறருடைய வழக்குக்காக அங்கத்தட்டு என்ற சண்டை மேடையில் ஏறிச் சண்டை போடுகிறார். துணைக்குப் போன சந்து, கொல்லனுக்குக் காசு கொடுத்து வாளின் இரும்பாணியை எடுத்து மூங்கில் ஆணி வைக்கச் சொல்கிறான். வாள் முறிகிறது. அன்றிலிருந்து மலையாளத்தில் சதிகாரன் என்றாலே சந்து. பல தலைமுறை பாடிய கதை இது. 1961-ல் 'உண்ணியார்ச்சா'வாகத் திரைக்கும் வந்துவிட்டது.

எம்.டி. அதே ஆணியைக் கையில் வைத்துக்கொண்டு சந்துவைக் குற்றமற்றவனாக்கினார். முன்கதை தெரியாமல் பார்த்தால் மம்மூட்டி நடித்த நல்ல சரித்திரப் படம், அவ்வளவுதான். தெரிந்து பார்த்தால், ஊரே பாடும் பாட்டின் முன் ஒருவன் தனியாக நின்று மறுப்பது கேட்கும்.

களரிப் பயிற்சியின் வரிசை: உடம்பைப் பழக்கும் மெய்த்தாரி, கம்புகளுக்குக் கோல்தாரி, உலோக ஆயுதங்களுக்கு அங்கத்தாரி, பிறகு வெறுங்கை. உறுமி (வளையும் நீண்ட வாள்) கடைசியில்தான் கைக்கு வரும், ஏனென்றால் சுழற்றத் தெரியாதவன் வெட்டிக்கொள்வது தன்னைத்தான். படத்தில் புதுப் பையன் ஒருவன் முதல் நாளே உறுமியைச் சுழற்றினால் சண்டை இயக்குநர் களரிப் பக்கம் போகவில்லை என்று பொருள்.

கடலோரமும் பாணனும்

சவிட்டு நாடகத்தை லத்தீன் கத்தோலிக்கர்கள் போர்த்துகீசியர் வருகைக்குப் பின் வளர்த்தார்கள். பலகை மேடையில் ஓங்கி மிதித்து ஆடுவது ('சவிட்டு' என்றால் மிதி). புகழ்பெற்ற கதை பிரெஞ்சு மன்னன் சார்லமேன் பற்றியது, பெயர் காறல்மான் சரிதம், பாட்டு தமிழ் கலந்த மொழி. ஆசானை அண்ணாவி என்கிறார்கள், மரபின் முதல் ஆசானாகச் சொல்லப்படுபவர் சின்னத்தம்பி அண்ணாவி. இதைத் திரையில் காண 'குட்டி ஸ்ராங்க்' (2010-ல் வெளியானது). காதைத் தீட்டிக்கொண்டு கேட்டால் பாட்டில் பாதி உங்களுக்குப் புரியும்.

'ப்ரமயுகம்' (2024) பேய்ப்படமாக விற்கப்பட்டது. ஓடி வந்து மனைக்குள் சிக்கும் தேவன், பாணன். சங்கப் பாடலில் வள்ளல் வாசலில் நின்ற அதே பாணர் குலம், கேரளத்தில் விடியற்காலை வீடுவீடாகத் துயிலுணர்த்திப் பாடும் சாதியாக நீடித்தது. மனைக்காரர் அவனைப் பாடச் சொல்லும் காட்சியில் பரிசிலும் அடிமைத்தனமும் ஒரே வாசலில் நிற்கின்றன.

குழந்தைகளோடு பார்க்க வேண்டுமென்றால் அரவிந்தனின் 'கும்மாட்டி' (1979). காவாலம் நாராயணப் பணிக்கரின் பாட்டு, வடமலபார் நிலம், மொழியே தேவையில்லை. 2021-ல் மீட்டெடுத்த பிரதி வந்துவிட்டது. பழைய மங்கிய பிரதியைத் தேடிப் பார்த்து ஏமாற வேண்டாம்.

நடிகர் எங்கிருந்து வந்தார் என்று பாருங்கள்

மலையாள நடிப்பின் இயல்பைப் புகழ்பவர்கள், அது எந்தப் பட்டறையில் செய்தது என்று கேட்பதில்லை. மூன்று பட்டறைகள். ஒன்று நாடகம்: 1950-ல் தொடங்கிய கே.பி.ஏ.சி. நாடகக் குழு, அதன் பெயரையே சுமந்த லலிதா, பிறகு காவாலத்தின் குழுவிலிருந்து நெடுமுடி வேணு. இரண்டு, கொச்சியின் கலாபவன் கலைக்குழு: அங்கே 1981-ல் மேடையேறிய மிமிக்ஸ் பரேட் (பலகுரல்) குழுவில் இருந்தவர்கள்தான் பின்னாளின் இயக்குநர் இணை சித்திக்-லால். மூன்று, பள்ளிக் கலோத்சவம், அதாவது மாணவர் கலைவிழா. 1958 கலோத்சவத்தில் வாய்ப்பாட்டில் முதல் பரிசு யேசுதாசுக்கு, மிருதங்கத்தில் முதல் பரிசு பி. ஜெயச்சந்திரனுக்கு. ஒரு நடிகரைப் பிடித்தால் இந்த மூன்றில் எது என்று தேடுங்கள். நாடகக்காரர் குரலில் நடிப்பார், மிமிக்ரிக்காரர் அடுத்தவரைக் கவனிப்பதில் நடிப்பார்.

நேரில் போக

கதகளியை முதன்முதலில் கோயிலில் இரவு முழுக்க உட்கார்ந்து பார்க்கப் போகாதீர்கள், நள்ளிரவுக்கு முன் தூங்கிவிடுவீர்கள். போர்ட் கொச்சியில் ஒன்றரை மணி நேர மாலை ஆட்டங்கள் உண்டு. ஆட்டத்துக்கு ஒரு மணி நேரம் முன்பே போனால் வேஷம் கட்டுவதைப் பார்க்கலாம், அதுதான் பாதி லாபம். அடுத்தது ஷொறணூர் அருகே செறுதுருத்தியில் கலாமண்டலம். 1930-ல் கவிஞர் வள்ளத்தோள் தொடங்கியது. வேலை நாள் காலையில் கட்டணம் கட்டி வகுப்புகளைப் பார்க்கலாம். கோடை விடுமுறையில் வகுப்பு இருக்காது.

மேளத்துக்குத் திருச்சூர், மேட (சித்திரை) மாதப் பூரம். செண்டை மேளத்தில் ஒரு வகையான பாண்டி மேளத்தைக் கோயில் மதிலுக்கு வெளியே கொட்டுவதே வழக்கம், வடக்குநாதன் கோயிலுக்குள் நடக்கும் இலஞ்சித்தற மேளம் அதற்கு விலக்கு. இன்னொரு வகையான பஞ்சாரி கேட்க வேண்டுமென்றால் பெருவனம். தாளச் சுற்று முதல் காலத்தில் (முதல் கட்டத்தில்) 96 அட்சரம், பிறகு 48, 24, 12, 6 என்று பாதி பாதியாகக் குறுகும். படங்கள் பெரும்பாலும் உச்சத்தை மட்டும் வெட்டிப் போடுகின்றன. அதனால் முதல் காலத்தின் பொறுமை புதியவருக்கு அலுப்பாக இருக்கும். எழுந்து போய்விடாதீர்கள், அந்த ஏற்றத்துக்காகத்தான் அவ்வளவு பேர் வெயிலில் நிற்கிறார்கள்.

தெய்யத்துக்கு, துலாம் பத்து (அக்டோபர் கடைசி) முதல் இடவம் பாதி (ஜூன்) வரை. நல்ல மாதங்கள் டிசம்பர் முதல் மார்ச். சென்னை, கோவையிலிருந்து மங்களூர் போகும் ரயில்கள் கண்ணூரில் நிற்கின்றன. எந்தக் காவில் எந்தத் தெய்யம் என்பதை உள்ளூரில் விசாரியுங்கள், தங்கும் விடுதிக்காரருக்கும் ஆட்டோக்காரருக்கும் தெரியும். நாள் சரியாக அமையாவிட்டால் பறசினிக்கடவு முத்தப்பன் கோயிலில் கிட்டத்தட்ட எல்லா நாளும் தெய்யம் உண்டு.

தீ சம்பந்தப்பட்ட கோலங்கள் பெரும்பாலும் விடிவதற்கு முன். இரவு பத்து மணிக்குப் போய் "ஒன்றுமே நடக்கவில்லை" என்று திரும்புபவர்கள் உண்டு. மூன்று மணிக்கு அலாரம் வையுங்கள், போர்வை எடுத்துப் போங்கள், காற்று எந்தப் பக்கம் வீசுகிறதோ அதற்கு எதிர்ப்பக்கம் நில்லுங்கள், இல்லாவிட்டால் புகை கண்ணைக் கட்டிவிடும். ஃபிளாஷ் போட வேண்டாம், அணியறைக்குள் கேட்காமல் நுழைய வேண்டாம். தெய்யம் அருகே வந்தால் போனைக் கீழே இறக்கிக் கையை நீட்டுங்கள், ஆசியாக மஞ்சள்குறி (மஞ்சள் பொடி) கொடுக்கும். அன்றைய தட்சிணைக்குப் பத்து, இருபது ரூபாய்த் தாள்கள் தனியாக வைத்துக்கொள்ளுங்கள்.

ஊர் திரும்பிய பிறகு 'களியாட்ட'த்தைத் துணைத்தலைப்பை அணைத்துவிட்டு மறுபடி போடுங்கள். கண்ணாடி வரும் இடத்தில் இந்த முறை விரல் தள்ளாது.